பந்தயம் தோற்றபின் இனுதேக்குக்கு

சரி, நீயே ஜெயித்தாய்.
கரடித்தோல் கால்சட்டை உனக்குத்தான்.
நீ திரும்பும்வரை என் சுவரில் தொங்கட்டும்,
எலி கடிக்காமல் பார்த்துக்கொள்கிறேன்.

கானாக்கில் அன்று முப்பத்து நான்கு,
பூஜ்யத்துக்குக் கீழே.
நாய்களுக்கெல்லாம் வெள்ளை மீசை.
மண்ணெண்ணெய்க் கேன் மூடியைத் திறக்கப்போய்
மூடி உடைந்து கையோடு வந்தது.
பெருமையாகத்தான் உனக்குச் சொல்லி அனுப்பினேன்.
உன் பதில் ஒரே வரி:
"நாற்பத்தேழு. இங்கே கோடை இன்னும் முடியவில்லை."

கோடையாம்!
ஜனவரியில் பூமியே சூரியனுக்குக்
கொஞ்சம் கிட்டப் போகிறது என்று
பள்ளிக்கூட மாலிக் சொல்கிறான்.
அப்போது உங்கள் பக்கம்தான் வெயில்,
நான்கு மாதமாக அணையாத வெயில்.
அதை வாங்கி என்ன செய்தீர்கள்?
வெள்ளை நிலம், வந்ததை வந்தபடி
வானத்துக்கே திருப்பிக் கொடுத்துவிட்டதா?

போன வாரம் அது எங்களிடம் வந்தது.
மலை விளிம்பில் அரை நகம் அளவு.
கையுறையைக் கழற்றி நின்றோம்.
உன்னிடம் விடைபெறத் தொடங்கிய
அதே சூரியன்.

நீ ஏன் ஜெயித்தாய் என்று
நான் கண்டுபிடித்தது மீன் துளையருகே.
ஹாலிபட்டுக்கு இறக்கிய தூண்டில் கயிறு,
அறுநூறு மீட்டர்,
இழுக்க இழுக்கத் தீரவில்லை.
துளையிலிருந்து ஆவி வந்தது, இனுதேக்,
அடுப்பில் வைத்த பானைபோல.
கையை விட்டேன்.
உறையும் நிலையில் உள்ள உப்புத் தண்ணீர்தான்.
ஆனாலும் வெளியே இருந்த காற்றுக்கு
அது வெந்நீர்.

என் காலடியில் இருப்பது தரை இல்லை, மூடி.
மூடிக்குக் கீழே கடல் விழித்திருக்கிறது,
மாதக்கணக்கான இரவிலும்
சிறிது சிறிதாகச் சூட்டைக் கசியவிட்டபடி.
அட்லாண்டிக் வேறு,
சொல்லாமல் வந்து நிற்கும் உறவுக்காரி,
தெற்கத்திச் சூட்டை மடியில் கட்டிக்கொண்டு
அடியாழத்தில் வந்து சேருகிறாள்.

உன் காலடியில் என்ன இருக்கிறது?
மூவாயிரம் மீட்டர் பனி,
அதற்கும் கீழே பாறை.
மலைமேல் ஏறி உட்கார்ந்திருக்கிறாய்,
மலை தெரியாமலே.
தண்ணீர் அவசரப்பட்டுக் கொதிக்கிறது,
உருளைக்கிழங்கு மட்டும் வேகமாட்டேன் என்கிறது
என்று புலம்பினாயே, அந்த உயரம்தான்.
பாதிக் குளிர் அங்கிருந்து வருகிறது.
மீதி, உங்கள் நிலத்தைச் சுற்றி
ஒரு கரையும் குறுக்கிடாமல்
வால் துரத்தும் நாய்போல் ஓடும் கடல்.
சூடான தண்ணீர் எதையும்
எளிதில் உள்ளே விடாத கடல்.

நாய் என்றதும் நினைவு வருகிறது.
அங்கே நாய்க்கு அனுமதியே இல்லை என்றாயே.
ஜெனரேட்டரைத்தான் தட்டிக்கொடுக்கிறாயா,
ராத்திரியில்?

நான் தோற்றதில் வருத்தமில்லை.
வேறொன்று சொல்ல வேண்டும்.
இடுப்பளவு இருந்த மூடி
இந்த வருடம் முழங்காலுக்குக் கொஞ்சம் மேலே.
கிறிஸ்துமஸ் வரைக்கும்
வண்டியை இறக்க யாருக்கும் துணிவில்லை.
இறக்கியவன் ஔலா.
முன்னோடி நாய் இரண்டும் போயின.
வாரை அறுத்ததால் அவன் பிழைத்தான்.
கடல் நமக்குக் கொடுக்கும் சூடு
கணக்குக்கு மேல் போகிறது.
உன் நாற்பத்தேழில் கொஞ்சம்
கடனாகக் கிடைக்குமா என்று
கேட்கத் தோன்றியது, கேட்கவில்லை.

ராத்திரி கயிறு இறக்கிவிட்டுப்
படுத்துக் காதை வைத்தேன் பனியில்.
முனகல், ஒரு விரிசல் ஓடும் ஒலி,
தூரத்தில் நீர்நாயோ என்னவோ மூச்சு விட்டது.
நீயும் வைத்துப் பார் என்றேன்.

வைத்தாயாம்.
ஒன்றும் கேட்கவில்லையாம்.
காதுமடல் தோல் மட்டும்
அங்கேயே ஒட்டிக்கொண்டதாம்.

வாஸலின் தடவு.
கால்சட்டை பத்திரமாக இருக்கிறது.