அரக்குக் கரை

தேவகோட்டைத் தையல்காரர்
ஃபால்ஸ் தைத்த இரண்டு பட்டை
மேசைமேல் போட்டு
"இதில் உங்களுது எதும்மா?" என்றார்.
மாந்தளிர் நிறம், அரக்குக் கரை,
கரையோரம் ஒற்றை வரி ருத்திராட்சம்.
எனக்கே ஒரு கணம் தெரியவில்லை.

மற்றது உமையாளுடையது.

மாசியில் நான்தான் அவளுக்குப் படம் அனுப்பினேன்,
"எடுத்துட்டேன்டி" என்று.
பதிலுக்கு நாலு இதயம் போட்டாள்.
வேறொன்றும் சொல்லவில்லை.
அவள் கல்யாணம் என்னுடையதற்குப்
பதினெட்டு நாள் முந்தி.
ஊர் பார்வையில்
ஈயடிச்சான் காப்பி நான்தான்.

கடைக்குப் போன் போட்டேன்.
ஃபால்ஸ் வைத்ததை மாற்றித் தர மாட்டார்களாம்.
அம்மாவிடம் சொன்னால் சிரிப்பாள்,
இல்லை சண்டைக்குப் போவாள்.
இரண்டும் வேண்டாம்.
காரைக்குடி வரும்வரை பஸ்ஸில்
திட்டித் திட்டி எழுதி அழித்தேன்.
கடைசியில் போனது:
"பட்டு வாங்கிட்டேன். உன்னுதும் ரெடியாம்."

அன்றைக்கு,
வளவு அறையில் கதவைச் சாத்திக்கொண்டு
மடிப்பெடுக்க என்னைத்தான் கூப்பிட்டாள்.
புதுப்பட்டு அடங்குவேனா என்றது.
முழங்காலிட்டுப் பிடித்தேன்.
"கோபமா?" என்றாள் மேலிருந்து.
என் வாயில் நாலு ஊக்கு.
"நீ எடுத்தா சரியா இருக்கும்னு தோணுச்சுடி."
எட்டாம் வகுப்புக் கணக்குப் பரீட்சையிலும்
இதையேதான் சொன்னாள்.

கடைசி ஊக்கைக்
கொஞ்சம் அழுத்தித்தான் குத்தினேன்.
"ஆ" என்றாள். உடனே சிரித்தாள்.
எனக்குச் சிரிப்பு வர
இன்னும் சில நாள் ஆகும்.

வைகாசி இருபது என் முகூர்த்தம்.
மடிப்பெடுக்க
அவளைத்தான் வரச் சொல்லியிருக்கிறேன்.
ஊக்கு டப்பாவும்
அவளிடம்தான் இருக்கிறது.