சல்லடையில் தங்காதது

உசம்பாரா மலையில் நான்காம் நாளும் மழை.
ஆய்வாளர்களின் சல்லடை நேற்றே கிழிந்துவிட்டதால்
பீன்ஸ் சலிக்கும் தன் சல்லடையைத்
தலையில் கவிழ்த்துக்கொண்டு வந்தாள் முவானைதி.
கூலி வேறு, வாடகை வேறு என்று
ஜீப்பில் ஏறுமுன்பே சொல்லிவிட்டாள்.

வீட்டில்
மேலே நிற்பது உலைக்கு,
கீழே விழுவது கோழிக்கு.
இங்கே தலைகீழ்.
பாசி, மக்கிய இலை, நத்தை ஓடு
எல்லாவற்றையும் வீசிவிட்டு
வெள்ளைத் துணியில் உதிர்ந்த தூளைச் சுற்றி
நாலு பேர் மூச்சடக்கிக் குந்தியிருக்கிறார்கள்.

ஒரு தூள் நடக்கிறது.

எள்ளில் பாதி.
நின்றுவிட்டால் மண், நகர்ந்தால் சிலந்தி.
கற்பூர மரத்தின் வேரிடுக்கில்
தபால்தலை அகலத்துக்கு வலை விரித்து
அதன் அடியில் தொங்கிக்கொண்டிருந்தது.
இந்த முகட்டில் உண்டு, எதிர் முகட்டில் இல்லை.
நடுவில் முட்டைக்கோஸ் தோட்டம்.
அந்த வெயிலைக் கடக்க
அதற்குக் கால் எட்டு இருந்தும் போதாது.

கிடைத்தவை பதினொன்று. பதினொன்றும் பெண்.
"ஆண் இல்லாமல் பெயர் வைப்பது கஷ்டம்"
என்றான் ருவெய்கிஸா, குப்பியை மூடியபடி.
"எங்கள் வீட்டு நிலப் பத்திரமும்
அதையேதான் சொல்கிறது" என்றாள்.
ஆண் எப்படி இருக்குமாம்?
தன் கட்டைவிரல் நகத்தில் பேனாவால் வரைந்தான்:
தலைமேல் ஒரு கோபுரம், உச்சியில் கண்.

ஐந்தாம் நாள் ஜீப் இறங்கிப் போயிற்று.
சில்லறை இல்லையென்று
வாடகைக்கு ஈடாக ஒரு பூதக்கண்ணாடி.
லுஷோட்டோ சந்தையில் அதை வாங்க ஆளில்லை.

இரவு பீன்ஸ் சலிக்கையில்
சல்லடை விளிம்பின் பிரம்பு முடிச்சிலிருந்து
ஒரு தூள் இறங்கி
அவள் மணிக்கட்டில் ஏறியது.
விளக்கை இழுத்தாள். கண்ணாடியை வைத்தாள்.

கோபுரம்.

குப்பி இல்லை, சாராயம் இல்லை,
போனில் சிக்னலும் இல்லை.
"யார் அங்கே?" என்றான் தூக்கத்தில் கணவன்.
"இன்னும் பெயர் வைக்கவில்லை" என்றாள்.

விடியுமுன் ஈரப்பாசி அடைத்த தீப்பெட்டியோடு
மலை ஏறினாள்.
வேரிடுக்கில் பெட்டியைத் திறந்து வைத்து
தீக்குச்சிகளை மடியில் முடிந்துகொண்டு
காத்திருந்தாள்.
அவசரமே இல்லை அதற்கு.
முழங்கால் வலித்தது.
இரண்டு முறை திட்டினாள், ஷம்பாலா மொழியில்.

ஜூனில் திரும்ப வருவார்கள்.
மரத்தைக் காட்டுவாள்.
அதற்குக் கூலி தனி.