வட்டிக்காரி

ஆறு குறும்படத்தில் செத்திருக்கிறேன்.
இரண்டில் பெயர் போட்டார்கள்.
ஒன்றில் தவநாயகம்.
மற்றதில் அது மேலேறும் நேரம்
மல்லாவியில் கரண்ட் போனது.

தொடர்நாடகத்தில்தான் முகம் பிடிபட்டது:
கொப்பியும் குடையுமாய்ப் படலைகளில் நின்று
கிழமைக்காசு கேட்கிறவள்.
மூன்றே காட்சி.
அன்றிலிருந்து கடைக்காரர் எனக்கு
மிச்சக்காசை இரண்டுதரம் எண்ணுகிறார்.
பாண்டியன்குளம் பஸ்ஸில்
பக்கத்து சீற் காலியாகவே வரும்.

செவ்வாய்க்கிழமை வந்தான்
மெய்யான கடன் கொம்பனிப் பெடியன்.
ஹெல்மெற்றைக் கழற்றி, தலையைக் கோதி,
"அக்கா, நீங்கள்தானே அந்த வட்டிக்காரி?"
செல்பி எடுத்தான்.
"அந்தப் பார்வையை ஒருக்கால் பாருங்கோ."
பார்த்தேன். பயந்தமாதிரிச் சிரித்தான்.

பிறகு கொப்பியை விரித்தான்.
இராசையா தவநாயகி.
நாலு கிழமை நிலுவை.

தகப்பன் பெயரோடு, முழுசாய்,
எழுத்துப் பிசகாமல்
என் பெயரை ஒருவர் வாசித்து
நான் கேட்டது அன்றைக்குத்தான்.