இன்னைக்கா, நாளைக்கா

வேலூர் ஆற்காடு ரோட்டில், ஆஸ்பத்திரி கேட்டுக்கு எதிரே
முனிரத்தினத்தின் தள்ளுவண்டி.
அமுக்கிப் பார்க்க விடமாட்டார்.
"நாலு பேர் அமுக்கினா அஞ்சாவது ஆளுக்கு இன்னாத்த விப்பேன்?"

முழுக்க மஞ்சள் என்றால் கல்லு வச்சது.
காலாப்பாடி பழுத்தாலும் பச்சைதான்;
காம்படியில் தோள் ஏறியிருக்கணும்.
மூக்கை அங்க வை.

வைத்தேன்,
மூன்று நாளாய் டெட்டால் மட்டுமே அறிந்த மூக்கை.
ஒன்றில் பால். ஒன்றில் தேன்.
ஒன்றில் லேசாய்க் கள்.

"எப்ப சாப்பிடறதுக்கு?
இன்னைக்கா, நாளைக்கா?"

புதன்கிழமை ஆபரேஷன்.
அப்புறம் வாய்வழி எப்போது என்று
டாக்டரே சொல்லவில்லை.

கல் மாதிரி ஒன்றைக் கேட்டு வாங்கினேன்.
லாட்ஜ் அறையில்
அவர் லுங்கிக்குள் சுற்றி வைத்திருக்கிறேன்.
காலையில் ஒரு தரம், ராத்திரி ஒரு தரம்
எடுத்து முகர்கிறேன்.

இன்னும் பால்தான்.
அவசரமில்லை.