எழுபத்தேழாவது சலவை

பகாவ் பஸ் நிலையத்துக்குப் பின்னால்,
வரிசைக் கடைகளில் கடைசிக் கடை.
ஆறு வெள்ளி போட்டால்
நாற்பது நிமிஷம் சுழலும் டிரம்.
காயவைக்கும் பெட்டிக்கு நான் காசு போடுவதில்லை;
வீட்டில் கம்பி உண்டு,
வெயில் வாடகை கேட்பதில்லை.

புவனேந்திரனின் சட்டைகள் வாளிக்கு அடங்காதவை.
செம்பனைப் பழத்தின் எண்ணெய்,
அதன்மேல் வியர்வை,
அதன்மேல் நேற்றைய மழை.
கையால் கசக்கினால்
என் மணிக்கட்டு இரண்டு நாள் என்னோடு பேசாது.
ஆகவே வாரம் இரண்டு நடை.

சாலேஹா சிரம்பானுக்கு வீடு மாற்றுகிறாள்.
'முந்நூற்று எண்பது, அக்கா.
ஞாயிற்றுக்கிழமை வரை யாருக்கும் சொல்ல மாட்டேன்.'
நாலு வருஷம் ஓடிய இயந்திரம்,
மூடியில் மட்டும் ஒரு கீறல்.

படிவம் மூன்றோடு பள்ளியை விட்டேன்.
சமனிலி என்னை விடவில்லை.
மின்சார பில்லின் முதுகில் எழுதிப் பார்க்கிறேன்:
வீட்டில் துவைத்தால் தண்ணீர், கரண்டு
நடைக்கு ஒரு வெள்ளி.
இங்கே ஆறு.
முந்நூற்று எண்பதோடு ந,
அது ஆறு ந-வை விடச் சிறியதாக வேண்டும்.
நடுவில் அந்தக் குறி,
ஐந்தடியில் தத்தும் மைனாவின் திறந்த அலகு போல,
எப்போதும் பெரிய பக்கம் பார்த்து.

ஒரு ந-வை இந்தப் பக்கம் கழித்து
அந்தப் பக்கமும் கழித்தேன்.
ஐந்தால் வகுத்தேன்.
எழுபத்தாறை விடப் பெரியது ந.

எழுபத்தாறாவது சலவையில் இரண்டும் ஒன்று.
எழுபத்தேழில் இயந்திரம் என் பக்கம்.
வாரம் இரண்டென்றால் முப்பத்தெட்டு வாரம்,
ஒரு பிள்ளையைச் சுமக்கும் காலம்.
அதற்குப் பிறகு வரும் எந்த எண்ணும் விடைதான்:
நூறு, இருநூறு, என் ஆயுசு.
சமன்பாடு ஒரே ஒரு நாற்காலி போடும்.
இது வரிசையாகப் பாய் விரித்து வைக்கிறது.

பணம்?
அதற்கும் ஒரு வரி.
டன்னுக்கு முப்பத்தெட்டு வெள்ளி அவருக்கு.
என் சம்பளம் போக வீட்டுக்கு முப்பது டன் வேண்டும்,
கூட்டுக்கட்டும் மோட்டார் தவணையும் சேர்த்து.
இயந்திரத்துக்கு இன்னும் பத்து.
நாற்பதோ அதற்கு மேலோ.
போன மாதம் மழை, முப்பத்தாறு.
இந்த மாதம் நாற்பத்திரண்டு.

ஆக, கேள்வி முடிந்தது.
பில்லை மடித்துப் பையில் வைத்தேன்.
பிறகு எடுத்தேன்.

ஒன்றை நான் எழுதவில்லை.
துணி சுழலும்போது பக்கத்துக் கடையில்
ஒரு தே ஓ.
ஒரு வெள்ளி எண்பது சென்.
அதைச் சேர்த்தால்
ஐம்பத்தைந்து சலவையும் சொச்சமும்;
சொச்சம் சலவை என்று ஒன்று கிடையாது,
ஐம்பத்தாறு.
இயந்திரத்துக்கு இன்னும் லாபம்.
என் தேநீரே எனக்கு எதிராகச் சாட்சி சொல்கிறது.

வீட்டில் அடுப்பு உண்டு,
மகளின் வீட்டுப்பாடம் உண்டு,
மாமியாரின் மாத்திரை நேரம் உண்டு.
இந்த நெகிழி நாற்காலியில்
யாரும் என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை.
சத்தம் அணைத்த தொலைக்காட்சியில்
யாரோ யாரையோ திட்டுகிறார்கள்,
எனக்குச் சம்பந்தமில்லை.
நாற்பது நிமிஷம், வாரம் இரண்டு முறை.
அதற்கு என்ன எழுத்து வைப்பது?
ம என்று எழுதி
எந்தப் பக்கம் போடுவதென்று தெரியாமல் பென்சிலைக் கடித்தேன்.

ராத்திரி அவர் கேட்டார்:
'சாலேஹா மிஷின் என்ன ஆச்சு?'
'கணக்குப் பார்க்கணும்' என்றேன்.
பொய்யில்லை.
பார்த்த கணக்கைத் திரும்பவும் பார்க்கலாம்.

இன்று ஞாயிறு.
இயந்திரம் மூன்று முறை கூவி நின்றுவிட்டது.
வங்காளதேசத்துப் பையன் ஒருவன்
வாளி நிறைய வேலைச் சட்டைகளோடு
என் டிரம்மைக் கை காட்டுகிறான்.
'இன்னும் ரெண்டு நிமிஷம் இருக்கு தம்பி' என்கிறேன்,
கோப்பையில் ஒரு வாய் மிச்சம் இருக்கையில்.