புள்ளி வைத்த இடம்

எங்கள் ஸ்டேஷனில் எழுதுகிறவரை
ரைட்டர் என்றுதான் கூப்பிடுவார்கள்.
பதினாலு வருஷமாக நான் ரைட்டர்.
எழுதியதில் ஒரு வரிகூட என்னுடையது இல்லை.

நேற்று, முதுநகர் மீன் ஏலம் முடிகிற நேரம்
கலியவரதன் வந்தார் பென்டிரைவோடு.
பொம்பளைங்க பாக்கக்கூடாத வீடியோ மேடம்
என்று என்னிடம் நீட்டினார்.
நான் யார் என்பது உறைத்து
இன்ஸ்பெக்டர் மேசைப் பக்கம் திரும்பினார்.
நாற்காலி காலி. பந்தோபஸ்து.
மறுபடி என்னிடமே நீட்டினார்.

ஒரு நிமிஷம் நாற்பது நொடி.
உப்பனாற்றில் அஞ்சலாட்சி நிற்கிறாள்
சேலையைத் தூக்கிச் செருகி, கணுக்கால் சேற்றில்.
பின்னால் வயிறு காட்டி மிதக்கின்றன
மடவையும் கெளுத்தியும்.
எந்த ராத்திரி, எந்தக் குழாய் திறந்தது என்று
யார் பேரும் சொல்லாமல் கேட்கிறாள்.
பதினேழாவது நொடியில் அந்தச் சொல் வருகிறது.
பிறகு மூச்சு வாங்கிக்கொண்டு
இன்னொரு தடவை, இன்னும் தெளிவாக.

குடும்பத்தோட உக்காந்து பாக்க முடியுமா மேடம்?
பதினோரு தடவ பாத்துட்டேன், முடியல
என்றார் கலியவரதன்.

கீழே நானூற்றுப் பன்னிரண்டு கருத்துகள்.
ஆற்றைப் பற்றி ஒன்பது.
மற்றவை
கணுக்காலில் தொடங்கி மேலே ஏறின.
இதையும் புகாரில் சேர்க்கட்டுமா என்றேன்.
அது ஜனங்க அபிப்பிராயம் மேடம், அத விடுங்க.

இந்த மாதிரி பதில் எனக்குப் பழசு.
மூன்று வருஷம் முன்னால் தேவனாம்பட்டினத்தில்
அலை அடித்து நனைந்து சிரித்த
என் தங்கை கோகிலவாணியை
எவனோ படமெடுத்துப் போட்டு
அடியில் ஒரு வரி எழுதியிருந்தான்.
அழித்துவிடு தம்பி என்று போனில் கெஞ்சினேன்,
யூனிபார்மில் நின்றபடி.
கருத்துச் சுதந்திரம்க்கா, சட்டம் படிங்க என்றான்.
அன்றைக்கு ஊசி நூல் கிடைத்திருந்தால்
ஊரில் இருக்கிற எல்லா வாயையும் தைத்திருப்பேன்.
அஞ்சலாட்சி வாயும் அதில் சேர்ந்திருக்கும்.
கோகிலவாணி இப்போது பாக்கத்தில் இருக்கிறாள்.
கடலுக்குப் போகலாமா என்று
யாரும் அவளைக் கேட்பதில்லை.

ஆகவே எந்தப் பக்கம் உட்காருவது என்று தெரியவில்லை.
ரைட்டருக்கு ஒரே பக்கம்தான், சுவரோரம்.

எழுதி வாங்கிட்டு அனுப்பிடு, இல்லன்னா
அறுபத்தேழு போட வேண்டி வரும்
என்று போனில் சொன்னார் இன்ஸ்பெக்டர்.
சாயங்காலம் அஞ்சலாட்சி வந்தாள்.
ஐஸ் உருகும் கூடையை வாசலிலேயே வைத்தாள்.
வெள்ளைத்தாளில் எழுதினேன்:
இனிமேல் பொதுவெளியில்
… என்ற வார்த்தையைப் பேசமாட்டேன் என்று
இதன்மூலம் உறுதி அளிக்கிறேன்.

மூன்று புள்ளி.
என் கைக்கு எட்டிய தயவு அவ்வளவுதான்.

படிச்சுக் காட்டு என்றாள்.
புள்ளியில் இடறாமல் தாண்டிப் படித்தேன்.
நில்லு. நடுவுல என்னமோ முழுங்கிட்ட.
அசிங்கமா இருக்குமேன்னு விட்டுட்டேன்.
விட்டுட்டா? எத பேசமாட்டேன்னு நான் எழுதிக் குடுக்கறேன்?
நாளைக்கி அந்தப் புள்ளியில ஆறுன்னு போடுவாங்க.
நாளனைக்கி மீனுன்னு போடுவாங்க.
நான் சொன்னது ஒரு வார்த்த.
அத மட்டும் எழுது.

தெற்கிலிருந்து காற்று வந்தது,
அழுகின முட்டையும் நகப்பூச்சும் கலந்த மாதிரி.
சென்ட்ரி எழுந்து ஜன்னலைச் சாத்தினார்.
எங்கள் ஸ்டேஷனில் அந்தக் காற்றுக்கு எதிராக
அதுவரை எடுக்கப்பட்ட ஒரே நடவடிக்கை.

புள்ளிகளை அடித்துவிட்டு எழுதினேன்.
இப்ப படி.

எத்தனையோ வழக்கில் எழுதிய சொல்தான்.
கதவிடுக்கில் விரல் நசுங்கினபோதுகூட
வாய்விட்டுச் சொன்னதில்லை.
சொன்னேன்.
சென்ட்ரி திரும்பிப் பார்த்தார்.

சத்தம் பத்தல என்றாள் அஞ்சலாட்சி,
மை வராத பேனாவை உதறிக்கொண்டே.