பாடி ரோல்

கானாடுகாத்தான் பெரிய வீட்டில்
என் முதல் வேடம் பிணம்.
"பாடி எங்கய்யா?" என்று மைக்கில் கூப்பிட்டார்கள்.
டீயைப் பாதியில் வைத்துவிட்டு ஓடினேன்.

தாடைக்கட்டு, மூக்கில் பஞ்சு,
நெற்றியில் ஒட்டாத ஒற்றை ரூபாய்.
நாயகன் என் மார்பில் விழுந்து அழ
ஏழு டேக் ஆனது.
"பிணத்துக்கு வேர்க்குது, தொடை" என்றார் யாரோ.

மூச்சடக்கிக் கிடந்த நேரத்தில்தான்
முதல் கதையை எழுதினேன்.
மூடிய இமைமேல் முற்றத்து வெயில்
மெல்லச் சிவந்து நகர்ந்தது.
அதையும் எழுதிக்கொண்டேன்.

கடன் பாக்கி கேட்டு வரும் குமாஸ்தா.
கூடம், இரண்டாங்கட்டு, அடுப்படி என்று
உள்ளே உள்ளே போகிறான்.
அப்படித்தான் இருந்தது முதல் பிரதியில்.

விசாரித்தேன்.
வீட்டு வாடகை நாளுக்கு ஒன்றேகால் லட்சம்.
பங்காளிகள் பதினாறு பேர்;
ஒருவர் பினாங்கில், போன் எடுப்பதில்லை.
கையில் இருந்தது
பைக்கை விற்ற காசும் சிகப்பியின் டியூஷன் பணமும்.

பள்ளத்தூர் பஸ்ஸில் திரும்பும்போது
திரைக்கதையைத் திருத்தினேன்:
கதவு திறக்கவே இல்லை.

பூட்டிய கதவுக்கு யாரும் வாடகை கேட்பதில்லை.
தெருவில் நின்று ஆறு நாள் எடுத்தோம்.
சிகப்பி வெறும் குரல்,
பக்கத்துச் சந்தில் குடத்துக்குள் பேசினாள்.
வாட்ச்மேன் உடையப்பன்
வெளிச்சத்துக்குத் தெர்மாகோல் பிடித்தார்;
சம்பளம் இரண்டு புரோட்டா, ஒரு கலக்கி.

ஆக்‌ஷன் நானே சொல்லி
நானே தட்டி, நானே ஏமாந்து திரும்பி
நடந்தேன்.
கட் சொல்ல வேண்டியவனும் நான்தான் என்பது
ஊருணிக்கரையில்தான் நினைவு வந்தது.
பேட்டரி சாகும்வரை பின்னாலேயே வந்திருந்தான் சவரிமுத்து.
படத்தில் உருப்படியானது அந்த நடை ஒன்றுதான்.
அதில் நான் நடிக்கவில்லை.

காரைக்குடியில் ஒரு சின்ன ஹாலில் போட்டோம்.
வந்தவர்கள் இருபத்து மூன்று பேர்.
இடைவேளை இல்லாத படத்தில்
இடைவேளை என்று நினைத்துப் போன ஒன்பது பேர்
திரும்பவில்லை.
ஒரு பேராசிரியர் எழுந்து
மூடிய கதவின் தத்துவம் பற்றி
இருபது நிமிடம் பேசினார்.
தலையாட்டினேன்.

கூட்டம் கலைந்தபின்
உடையப்பன் கிட்டே வந்து
இடுப்பைத் தட்டிக் காட்டினார்.
கொத்துச் சாவி.
"எல்லா நாளும் எங்கிட்டதான இருந்துச்சு.
ஒரு வார்த்த கேட்டிருந்தா தொறந்திருப்பேன்ல."

அன்றிரவு தூங்கவில்லை.
திறந்திருந்தால் என்ன படம் அது?
இன்னும் தெரியவில்லை.

போன வாரம் கம்பெனியிலிருந்து அழைப்பு,
அதே வீடு.
"அப்பா கேரக்டர் சார்."
"உயிரோடயா?"
"மொத சீன் மட்டும்.
ஒரு டயலாக்கூட இருக்கு."

கேட்டுவிட்டேன் இந்த முறை,
நானே எழுதிக்கொள்ளலாமா என்று.
லைனில் இருங்க என்றார்கள்.
இருக்கிறேன்.